மூக்குத்தி போட்ட சிங்கம்

ஆண்டிமடத்துப் பக்கம் கல்யாணம் பண்ணிக்கொண்டவர்கள் யாரும் வளர்மதியின் கையிலிருந்து தப்பியதில்லை. பெண்ணும் மாப்பிள்ளையும் தாமரைக்குள்ளிருந்து முளைத்து வருவது, மயில் தோகை விரித்தால் அதன் ஒவ்வொரு கண்ணிலும் மாமனார் சிரிப்பது, அன்னப்பறவை முதுகில் தாலி மட்டும் தனியாக வானத்தில் பயணம் போவது எல்லாம் அவள் வேலைதான். பஸ் ஸ்டாண்டுக்கு எதிரே உரக்கடை மாடியில், 'அன்பு வீடியோஸ்' என்ற பலகைக்குப் பின்னால், காற்று வராத ஓர் அறையில் கம்ப்யூட்டர் முன் உட்கார்ந்துகொண்டு ஊரில் பாதிப் பேரை அன்னத்தில் ஏற்றி இறக்கியவள் அவள்.

புருஷன் அன்பழகன் கேமராவைத் தூக்கிக்கொண்டு மண்டபம் மண்டபமாகப் போவான். முதல் பந்தியிலேயே உட்கார்ந்து சாப்பிடுவான். திரும்பி வந்து கேசட்டை மேசைமேல் வைத்துவிட்டு, "வளரு, கொஞ்சம் பாத்துப் பண்ணிடு" என்று துண்டை விரித்துப் படுத்துவிடுவான். அவள் ராப்பகலாக வெட்டி, ஒட்டி, பூமாரி பொழிய வைத்து முடித்தால், கடைசியில் திரையில் வரும் எழுத்து என்ன தெரியுமா? 'கேமரா, மிக்ஸிங், தயாரிப்பு: அன்பழகன்.' அந்த எழுத்துக்குத் தங்க மினுக்குக் கொடுத்தவளும் அவள்தான். இதைவிட வயிற்றெரிச்சல் வேறென்ன வேண்டும், சொல்லுங்கள்.

ஒருமுறை கேட்டும் பார்த்தாள். "உம்பேரு எம்பேருன்னு ரெண்டு இருக்கா வளரு? எல்லாம் ஒன்னுதானே" என்றான். அன்பழகன் கெட்டவன் இல்லை. உண்மையாகவே அவனுக்கு அப்படித்தான் தோன்றியது. அதனால்தான் அவளுக்கு இன்னும் பற்றிக்கொண்டு வந்தது.

இப்படி இருக்கும்போதுதான் நாடு சுதந்திரம் வாங்கி அறுபது வருஷம் ஆனது. ஊர் வர்த்தகர் சங்கத்துக்குத் திடீரென்று தேசபக்தி பொங்கியது. வருஷா வருஷம் கொடியேற்றி மிட்டாய் கொடுத்து, ஒலிபெருக்கியில் பாட்டுப் போட்டு முடித்துவிடுகிற கும்பல், இந்த வருஷம் ஒரு கார்ட்டூன் படம் காட்டியே தீரவேண்டும் என்று கிளம்பிவிட்டது. யோசனை மெட்ரிக் பள்ளித் தாளாளர் ஆண்டவருடையது. "மெட்ராஸ்ல இப்ப எல்லாமே அனிமேஷன்தான்" என்று அவர் சொன்னாராம். மயிலைப் பறக்கவிடத் தெரிந்தவன் அன்பழகன்தானே என்று கூப்பிட்டுச் சொல்லிவிட்டார்கள். அவனும் எனக்குத் தெரியாது என்று சொல்லாமல் தலையை ஆட்டிவிட்டு வந்து நின்றான்.

"நம்ம தேசத்தோட சின்னமெல்லாம் வரணுமாம். வரலாறும் வரணுமாம். பாட்டோட சேந்து அஞ்சு நிமிஷம்" என்றான்.

வளர்மதி கம்ப்யூட்டரை நிறுத்திவிட்டு அவன் பக்கம் திரும்பினாள். "பண்றேன். ஆனா கடைசியில 'படம்: வளர்மதி'ன்னு வரணும். ஒரே ஒரு தடவதான். வேற ஒன்னும் கேக்கல."

"போட்டுக்க. அதுக்கென்ன இப்ப."

"சத்தியம் பண்ணுங்க."

"கேமரா மேல சத்தியம்" என்று அடித்தான். சாப்பாடு போடும் பொருள் என்பதால் அவளும் நம்பினாள்.

வேலை ஆரம்பித்தபோதுதான் தெரிந்தது, கையில் இருப்பதெல்லாம் கல்யாணச் சரக்கு மட்டுமே. தேசியப் பறவைக்குக் கவலையில்லை, மயில் கூடை கூடையாக இருந்தது. தாமரையும் அப்படித்தான். புலிதான் இல்லை. பிறந்தநாள் டிஸ்க்கில் கேக்குக்குப் பக்கத்தில் சிரித்துக்கொண்டிருந்த ஒரு பூனையைப் பிடித்து, பெரிதாக்கி, உடம்பு முழுக்கக் கறுப்புக் கோடு போட்டாள். கோடு போட்டும் அது சிரிப்பதை நிறுத்தவில்லை. ஆலமரம் வரைந்தாள்; விழுதுக்குப் பதிலாகச் சம்பங்கி மாலைகளை வரிசையாகத் தொங்கவிட்டாள். இமயமலைக்கு என்ன செய்வது என்று ரெண்டு நாள் மண்டையைப் பிய்த்துக்கொண்டு, முந்திரி வியாபாரி பூமாலையின் குடோனில் குவிந்து கிடந்த முந்திரிக் கொட்டையைப் படம்பிடித்து வரச்சொல்லி, அதற்கு வெள்ளை அடித்தாள். மலைக்குப் பின்னாலிருந்து மாம்பழம் சூரியன் மாதிரி எழும்பியது.

மயில் பறந்தால் அதன் வாலிலிருந்து ரோஸ் கலரில் இதயம் இதயமாகக் கொட்டும். மயிலோடு கூடப் பிறந்த வியாதி அது, எடுக்கவே முடியாது. சரி கொட்டிவிட்டுப் போ என்று இதயங்களுக்குக் காவி, வெள்ளை, பச்சை அடித்துவிட்டாள். உப்பு எடுக்கப் போகிற கூட்டத்துக்கு யாரோ ஒருவருடைய மாப்பிள்ளை அழைப்பை வெட்டிப் போட்டாள். எல்லாரும் வெள்ளை வேட்டி என்பதால் பொருந்தித்தான் இருந்தது. நாலைந்து பேர் கையில் சீர்வரிசைத் தட்டு இருந்ததைத்தான் மறைக்க முடியவில்லை. கூட்டத்துக்கு முன்னால் போகிற பெரியவரை வரைய அவளுக்குக் கை வரவில்லை. ஏதாவது கோணலாகப் போய்விட்டால் பாவம் என்று பயந்தாள். வட்டக் கண்ணாடி, ஒரு தடி, ஒரு ஜோடிச் செருப்பு, இவை மட்டும் முன்னால் நடந்து போகிறாற்போல் செய்தாள். ஆளில்லாத அந்தக் கண்ணாடி கொஞ்சம் முன்னுக்குச் சாய்ந்து வேகமாகப் போனது.

வெள்ளைக்காரன் ஊரைவிட்டுப் போகக் கப்பல் வேண்டுமே. இருந்தது அன்னப்பறவைதான். அதன் முதுகில் தொப்பிகளை அடுக்கி ஏற்றிக் கடலில் தள்ளிவிட்டாள். பின்னால் சுண்ணாம்புக்கல் வெட்டிய பள்ளம் ஒன்று வரும். அரியலூர்ப் பக்கம் மண்ணுக்குள் கல்லாகிக் கிடக்கும் டைனோசர் முட்டை ஒன்று அதில் உருண்டு வந்து விரிசல் விட்டு, உள்ளேயிருந்து குஞ்சுக்குப் பதிலாகக் கொடி எட்டிப் பார்க்கும்.

முழுசாகப் போட்டுப் பார்த்தபோது வளர்மதிக்குச் சிரிப்பு வந்தது. இது யாருக்கும் கல்யாணம் ஆகாத படம். தன் தலைக்குள்ளிருந்து வந்த படம். அவளுக்குச் சந்தோஷம் தாங்கவில்லை.

சங்கத்துப் புள்ளிகள் நாலு பேரும் சின்னப்பிள்ளை அம்மாளின் கல்யாண மண்டபத்து ஆபீஸ் ரூமில் உட்கார்ந்து பார்த்தார்கள். முந்திரி வியாபாரி பூமாலை, தாளாளர் ஆண்டவர், போர்வெல் லாரி வைத்திருக்கும் கொளஞ்சி, மண்டபத்துக்காரியான சின்னப்பிள்ளை அம்மாள். படம் முடிந்தது. பூமாலை சுருட்டிய மேல்துண்டை அவிழ்த்து மறுபடி சுருட்டினார்.

கொளஞ்சிதான் கேட்டார். "நல்லாத்தான் இருக்கு. நாம எங்க?"

"எதுலண்ணே?" என்றான் அன்பழகன்.

"படத்துலதான். நாம ஒருத்தரும் விழலியே."

அவரைக் குற்றம் சொல்லி என்ன ஆகப்போகிறது? இந்த ஊரில் கல்யாணக் கேசட்டைப் போட்டால் தாலி கட்டுவதை ஒருவரும் பார்ப்பதில்லை. தான் பந்தியில் உட்கார்ந்தது விழுந்திருக்கிறதா, தன் பட்டுப்புடவை விழுந்திருக்கிறதா என்றுதான் பார்ப்பார்கள். விழாமல் போய்விட்டால் அந்தக் குடும்பத்தோடு ரெண்டு தலைமுறைக்குப் பேச்சுவார்த்தை கிடையாது. வீடியோ என்றால் முகம் விழவேண்டும். அது தேசத்துக்கும் பொருந்தும் என்று அவர்கள் நினைத்துக்கொண்டார்கள்.

"விழ வச்சுடலாம்ண்ணே" என்றான் அன்பழகன்.

"இது கல்யாணம் இல்லீங்களே" என்றாள் வளர்மதி. கதவோரம் நின்றுகொண்டு சொன்னதால் அது ஒருவர் காதிலும் ஏறவில்லை. சரி, பேரம் பேசிவிடலாம் என்று உள்ளே வந்தாள். "மூஞ்சி வைக்கிறேன். கடைசியில என் பேரு ஒன்னு வரும். அத யாரும் எடுக்கச் சொல்லக்கூடாது."

"தாராளமா போட்டுக்கடியம்மா. யாரு வேணாங்கறா" என்றார் சின்னப்பிள்ளை அம்மாள்.

இனி யார் முகம் எதற்கு என்பதுதான் பாக்கி. அங்கேதான் வந்தது வினை. எல்லாருக்கும் புலிதான் வேண்டும். மயிலைக் கொடுத்தால் பூமாலை முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டார். தாமரைக்குள் உட்கார மாட்டேன், வழுக்கும் என்றார் கொளஞ்சி. படத்தில் எப்படி வழுக்கும் என்று கேட்டதற்குக் கோபித்துக்கொண்டார். கடைசியில் ஆண்டவர் மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தபடி, "நாம நாலு பேரு. அரசு முத்திரையில சிங்கமும் நாலு. இதுல சண்டைக்கு என்ன இருக்கு?" என்றார்.

எல்லாருக்கும் அது பிடித்துப் போயிற்று. வளர்மதிக்கு மட்டும் பிடிக்கவில்லை. "சார், அது காசுல இருக்கற முத்திரைங்க. அதுல போயி நம்ம மூஞ்சிய வைக்கலாமா?"

"நம்ம கவர்மெண்டுதானே" என்றார் கொளஞ்சி.

இதற்குள் பூமாலை பையிலிருந்து ஒரு நாணயத்தை எடுத்து வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்துவிட்டார். "நாலுன்னீங்க. இதுல மூணுதான் இருக்கு."

"நாலாவது பின்னாடி இருக்குங்க. முன்னாடியிருந்து பாத்தா தெரியாது" என்று விளக்கினார் ஆண்டவர். விளக்கியிருக்க வேண்டாம்.

இந்த நாலு குடும்பமும் எப்பேர்ப்பட்டவை தெரியுமா? கோவில் திருவிழாவில் பரிவட்டம் முதலில் யார் தலையில் கட்டுவது, திருநீற்றுத் தட்டு முதலில் யாரிடம் நீளுவது என்ற தகராறில் தேரையே நடுரோட்டில் நிறுத்திவைத்தவர்கள். அவர்களில் ஒருவரைத்தான் இப்போது முதுகுப் பக்கம் போய் நிற்கச் சொல்லவேண்டும்.

"எங்க பாட்டன் காலத்துலேர்ந்து மொதப் பரிவட்டம் எங்களுக்கு. நான் பின்னாடி நிக்க முடியாது" என்றார் பூமாலை.

"பின்னாடி நிக்கறதுதான் பெருமை. முதுகெலும்பு மாதிரி" என்றார் ஆண்டவர்.

"அப்ப நீங்களே நில்லுங்க சார்" என்றார் கொளஞ்சி. ஆண்டவருக்கு இருமல் வந்துவிட்டது.

சின்னப்பிள்ளை அம்மாள் வெற்றிலையை மடித்துக்கொண்டே சொன்னார். "முன்னாடியோ பின்னாடியோ, எனக்கு மூக்குத்தி தெரியணும். எட்டுக்கல்லு."

பேச்சு தடித்துக்கொண்டே போனது. அவர்கள் சண்டை முடியாமல் தன் படமே நின்றுபோகும் என்று பயந்த வளர்மதி, "சுத்த விட்டுடறேங்க" என்றாள். "ராட்டினம் மாதிரி தூணோட சுத்தட்டும். எல்லாரும் முன்னாடி வருவீங்க, எல்லாரும் பின்னாடி போவீங்க."

"எங்க வந்து நிக்கும்?" என்றார் பூமாலை சந்தேகமாக.

"நிக்கவே நிக்காது. நின்னாத்தானே மனவருத்தம்."

அந்த முடிவு எல்லாருக்கும் சம்மதமானது. முகங்களுக்குப் பிடரி முளைத்தது. கொளஞ்சியின் மீசையைப் பிடரியோடு சேர்த்தாள், ஆண்டவருக்கு மூக்குக் கண்ணாடியைக் கழற்ற மனமில்லாமல் அப்படியே விட்டாள், சின்னப்பிள்ளை அம்மாளின் எட்டுக்கல்லுக்கு மினுக்குக் கொடுத்தாள். தூண் சுற்றியது. யாருக்கும் யாரும் குறைந்தவரில்லை என்று காட்ட வேகத்தைக் கூட்டக் கூட்ட, கடைசியில் யார் முகமும் யாருக்கும் தெரியாத வேகத்தில் சுற்றியது. அதிலும் ஒரு நிம்மதிதான் அவளுக்கு.

முகம் விழுந்த பிறகு பேர் விழவேண்டும் என்ற ஆசை வந்தது. வழங்குபவர், நல்லாசியுடன், தெய்வத்திரு இன்னார் நினைவாக என்று ஒவ்வொருவராக மாடி ஏறி வந்து ஒவ்வொரு பேராகச் சேர்த்துவிட்டுப் போனார்கள். படம் முடிந்த பிறகு பேர்கள் மட்டும் ஊர்வலம் மாதிரி வந்துகொண்டே இருந்தன. விழாவுக்கு முந்தின நாள் மத்தியானம், வளர்மதி சமையல் முடித்துவிட்டு வந்து பார்த்தால் அன்பழகன் டிஸ்க்கில் பதிந்து முடித்திருந்தான். அவள் கையைத் துடைத்துக்கொண்டு ஓடவிட்டாள். எல்லாப் பேரும் வந்தது. 'அன்பு வீடியோஸ் அன்பழகன்' வந்தது. அத்தோடு கறுப்பாகிவிட்டது.

"ஏங்க, என் பேரு?"

அன்பழகன் ஜன்னலுக்கு வெளியே பார்த்தான். "எடம் பத்தல வளரு. பாட்டு முடிஞ்சு போச்சு. கொளஞ்சி அண்ணன் கடைசி நேரத்துல செத்துப்போன அவரு மச்சான் பேரக் கொண்டாந்து குடுத்துட்டாரு. செத்தவர எப்படி எடுக்கறது?"

"உசுரோட இருக்கறவள எடுக்கலாம்."

"கோவிச்சுக்காத. அடுத்த படத்துல போட்டுக்கலாம்."

அடுத்த படம் யாருடைய சீமந்தமோ. வளர்மதி வீட்டுக்குப் போய், யாரும் இல்லாத அடுப்படியில் உட்கார்ந்து நன்றாக அழுதாள். அழுது முடித்ததும் அவன் மேல் வந்த கோபத்தில் அன்றைக்கு ரசத்தில் உப்பே போடவில்லை. அவன் ஒரு வார்த்தை பேசாமல் ரெண்டு தடவை வாங்கிச் சாப்பிட்டான். தப்பு தெரிந்துதான் இருந்தது அவனுக்கு.

விழாவுக்குப் போகக்கூடாது என்றுதான் நினைத்தாள். ஆனால் படம் தன்னுடையதாயிற்றே, பெற்ற பிள்ளை மேடையேறும்போது பார்க்காமல் இருக்கமுடியுமா? மண்டபத்தில் கடைசி வரிசையில், ஐஸ்கிரீம் சாப்பிட்டுக்கொண்டிருந்த பெண்களுக்கு நடுவில் போய் உட்கார்ந்தாள். முன்வரிசையில் நாலு சிங்கங்களும் புது வேட்டியிலும் பட்டுப்புடவையிலும் இருந்தன. நடுவில் பெரம்பலூரிலிருந்து வந்திருந்த அதிகாரி ஒருவர். பேசியே கொல்வார்கள் என்று பயந்து வந்த முகம்.

படம் ஓடியது. முந்திரி இமயமலைக்குப் பின்னால் மாம்பழம் எழுந்தபோது பின்வரிசையில் ஒருவன் விசிலடித்தான். புலி சிரித்ததும் கூட்டமே சிரித்தது. கண்ணாடியும் தடியும் செருப்பும் தனியாக நடந்து வந்தபோது மண்டபத்தில் சத்தம் அடங்கியது. அதிகாரி சாய்ந்திருந்தவர் நிமிர்ந்து உட்கார்ந்தார். அன்னத்தின் மேல் தொப்பிகள் கிளம்பியபோது ஒரு பாட்டி டாட்டா காட்டினாள். இதையெல்லாம் வளர்மதி கடைசி வரிசையிலிருந்து தலை தலையாகக் கவனித்துக்கொண்டிருந்தாள். யாருக்கும் தன்னைத் தெரியாது என்ற நினைப்பு நெஞ்சைக் கிள்ளியது.

அடுத்து தூண் வந்தது. சுற்ற ஆரம்பித்தது. வேகம் கூடியது. முகங்கள் கரைந்து ஒன்றாகி மஞ்சளாக ஒரு வட்டம் மட்டும் தெரிந்தது. அதிகாரி கூட ஏதோ சக்கரம் என்று நினைத்துக் கைதட்ட ஆரம்பித்தார். அந்த நேரம் பார்த்தா டிஸ்க் சிக்கிக்கொள்ளவேண்டும்? மண்டபத்துச் சுவர் அளவுக்கு, பிடரியோடு, வாயில் வெற்றிலையோடு, எட்டுக்கல் மூக்குத்தி மின்ன, சின்னப்பிள்ளை அம்மாள் நின்றுவிட்டார்.

"நம்ம மண்டபத்தம்மா" என்றது ஒரு குரல்.

அவமானத்தில் முன்வரிசை எழுந்து ஓடும் என்று நீங்கள் நினைத்தால் இந்த ஊரைத் தெரியாது உங்களுக்கு. பூமாலைக்கு வேறு கவலை. "அவங்க மூஞ்சில வந்து ஏன் நிக்குது? நிக்காதுன்னுதானே பேச்சு?" என்று அன்பழகனைப் பார்த்துக் கேட்டார். கொளஞ்சி நேராக டிஸ்க் ஓடும் பெட்டியிடம் போய் அதன் தலையில் ஓங்கி ஒரு அடி போட்டார். தூண் கால்வாசி திரும்பி, அவர் மீசையில் வந்து நின்றது. போதும் என்று அவர் கையை எடுத்துக்கொண்டார்.

அதிகாரி எழுந்து மைக்கை வாங்கினார். "இது அரசாங்க முத்திரை. இதுல ஆளுங்க மூஞ்சிய வைக்கறது சட்டப்படி குற்றம், தெரியுமா உங்களுக்கு? யாரு பண்ண வேலை இது?"

சட்டம் என்ற சொல் காதில் விழுந்ததும்தான் முன்வரிசைக்கு வியர்த்தது. "எனக்கு ஒன்னும் தெரியாதுங்க" என்றார் ஆண்டவர், தலைக்கு மேல் கொளஞ்சி பிடரியோடு நிற்க. "நான் மண்டபம் மட்டும்தான் குடுத்தேன்" என்றார் சின்னப்பிள்ளை அம்மாள், மூக்குத்தியைக் கையால் மறைத்துக்கொண்டு. "யாரோ வெளியூர் ஆளுங்க பண்ணதுங்க. எங்களுக்கும் இதுக்கும் சம்பந்தமே இல்ல" என்றார் பூமாலை.

அந்த நேரத்தில் டிஸ்க் உயிர் பெற்றது. பாட்டு முழங்க, தங்க எழுத்தில், 'நல்லாசியுடன்: பூமாலை' என்று சுவரில் ஏறியது. பின்னாலேயே ஆண்டவர் ஏறினார், கொளஞ்சி ஏறினார், செத்துப்போன மச்சானும் ஏறினார். மண்டபம் குலுங்கிக் குலுங்கிச் சிரித்தது. அன்பழகன் பாய்ந்துபோய் ஒயரைப் பிடுங்கினான்.

"கடைசியாக் கேக்கறேன். இந்தப் படத்தப் பண்ணது யாரு?" என்றார் அதிகாரி.

அன்பழகன் பிடுங்கிய ஒயரைப் பார்த்துக்கொண்டு நின்றான். முன்னால் வரவும் இல்லை, வாயைத் திறக்கவும் இல்லை. நாலு சிங்கமும் நாலு திசையைப் பார்த்தன.

வளர்மதி பேசாமல் உட்கார்ந்திருந்தால் யாருக்கும் தெரியப்போவதில்லை. பேர்தான் எங்கேயும் இல்லையே. ஆனால் இத்தனை பேர் என்னுதில்லை என்னுதில்லை என்று கைகழுவுவதைப் பார்க்க அவளுக்குப் பொறுக்கவில்லை. அந்தக் கண்ணாடியை, அந்த முட்டையை, அந்தச் சிரிக்கிற புலியை அநாதையாக விடமுடியுமா? எழுந்துவிட்டாள்.

"நான்தாங்க."

"பேரு?"

"வளர்மதி."

"வளர்மதி" என்று அவர் மைக்கிலேயே திருப்பிச் சொன்னார். மண்டபத்து ஒலிபெருக்கி பஸ் ஸ்டாண்டு வரைக்கும் கேட்கும். பயத்துக்கு நடுவிலும், அந்தச் சத்தம் அவளுக்கு இனித்தது என்பதை மறைப்பானேன்.

முன்னால் வரச் சொன்னார். போனாள். "சிங்கத்துல ஏம்மா மூஞ்சிய வச்ச?"

"இவங்க ஆசப்பட்டாங்க. வேணாம்னு சொன்னேன். ஆனா வச்சது என் கைதாங்க."

அவர் முன்வரிசையை ஒரு பார்வை பார்த்தார். அப்புறம் குரலை இறக்கி, "அந்தக் கண்ணாடியும் தடியும் தனியா நடந்து போச்சே, அது யாரு யோசனை?" என்றார்.

"என்னுதுதாங்க. மொகத்த வரையப் பயமா இருந்துச்சு."

"அந்தச் சிங்கத்த எடுத்துட்டு, இங்க இருக்கற கவர்மெண்ட் ஸ்கூல் பசங்களுக்கு இதப் போட்டுக் காட்டும்மா. எச்.எம்.கிட்ட நானே சொல்றேன்" என்றார். மைக்கைக் கொடுத்துவிட்டு, யாராவது பேசக் கூப்பிடுவதற்குள் வண்டி ஏறிவிட்டார்.

மறுநாள் காலையிலிருந்து மாடிப்படியில் ஆள் நடமாட்டம். முதலில் வந்தவர் பூமாலை. "தாயி, எம்பேர எடுத்துடு. நாளைக்கு கேசு கீசுன்னு வந்தா நான் யாபாரி" என்றார். கொளஞ்சி வந்து தன் பேரோடு மச்சான் பேரையும் எடுக்கச் சொன்னார். செத்தவரை எடுப்பதில் இப்போது அவருக்கு ஒரு சிரமமும் இல்லை. ஆண்டவர் நேரில் வரவில்லை, போன் பண்ணினார். சின்னப்பிள்ளை அம்மாள் மட்டும் நாற்காலி போட்டு உட்கார்ந்து, அந்தச் சிங்கத்தை ஒரு தடவை போடச் சொல்லிப் பார்த்து, "நல்லாத்தான்டி இருந்துச்சு" என்று பெருமூச்சு விட்டுவிட்டு, எடுக்கச் சொல்லிப் போனார். ஒவ்வொன்றாக அழித்தாள் வளர்மதி. கடைசியில் அறையில் அன்பழகன் மட்டும் இருந்தான். மேசையைத் துடைக்கிற சாக்கில் அங்கேயும் இங்கேயும் நடந்தான்.

"வளரு, நம்ம ஸ்டூடியோ பேரையும் எடுத்துடேன். எதுக்கு வம்பு?"

"நெசமாத்தான் சொல்றீங்களா?"

"ஆமா. கல்யாண ஆர்டர் எல்லாம் பாக்கணுமில்ல."

அவள் மறுபேச்சு பேசாமல் அதையும் எடுத்தாள். திரை கறுப்பாக, காலியாக இருந்தது. அதில் தன் பேரை அடித்தாள். தங்க மினுக்கு வேண்டாம் என்று வெறும் வெள்ளையில் விட்டாள்.

வெள்ளிக்கிழமை பள்ளிக்கூடத்தில் போட்டார்கள். நீள வகுப்பறையில் ஜன்னலுக்கெல்லாம் ஜமுக்காளம் கட்டி, பிள்ளைகளைத் தரையில் நெருக்கி உட்கார வைத்திருந்தார்கள். புலிக்கும் அன்னத்துக்கும் அவர்கள் போட்ட கூச்சலில் பாட்டே கேட்கவில்லை. முட்டையிலிருந்து கொடி எட்டிப் பார்த்ததும் படம் முடிந்து, கறுப்புத் திரையில் எழுத்து வந்தது. பிள்ளைகளுக்குக் கரும்பலகையில் எழுத்து வந்தால் சேர்ந்து படித்துத்தானே பழக்கம். யாரும் சொல்லாமலே வாய் விட்டுப் படித்தார்கள்.

"படம், வளர்மதி."

எழுத்து போகவில்லை. பிள்ளைகள் திரும்பவும் படித்தார்கள். அதற்கும் போகவில்லை. டீச்சரும் தடுக்கவில்லை. பின்னால் சுவரோரம் நின்றிருந்த அன்பழகன் மெல்ல வளர்மதியின் பக்கம் சாய்ந்தான்.

"எவ்ளோ நேரம்டி நிக்கும் இது?"

"பாட்டு நீளத்துல நான் கை வைக்கல. நீங்க எல்லாரும் பேர எடுத்துட்டு எறங்கிப் போனீங்கல்ல, அந்த நேரம் பூரா என்னுது."

பிள்ளைகள் மறுபடியும் ஆரம்பித்தார்கள். இந்தத் தடவை அவனும் சேர்ந்து படித்தான்.